திங்கட்கிழமை நொண்டி

“…அதுவும் திங்கக்கிழமையில மட்டும்தான் நொண்டுறியள் சேர். வெள்ளிக்கிழமை நல்லாத்தான் போறியள், திங்கள் வரேக்கை நெத்தியில காயம். ஏனெண்டு நான் கேக்கேல்லை. சொல்லுறன்.”

எங்கள் பள்ளிக்கூடத்து ஹவுஸ்மைஸ்டர் இதைச் சொல்லிக்கொண்டே உடற்பயிற்சி மண்டபத்தின் சாவியை என் கையில் வைத்தார். கதவு, கொதிகலன், உடைந்த நாற்காலி எல்லாம் அவர் பொறுப்பு. ஐம்பத்தெட்டு வயது. யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக ஜெர்மனியின் டோர்ட்மண்டுக்கு வந்து முப்பத்தைந்து வருடம் ஆகிறது. அந்தப் பள்ளியில் வேலை செய்தவர்களில் தமிழர் நாங்கள் இரண்டு பேர்தான். நான் அவரை அண்ணை என்பேன். அவரைவிட இருபது வயது இளையவன் என்றாலும், பள்ளி வளவுக்குள் நான் அவருக்கு சேர்.

“நான் கேக்கேல்லை, சொல்லுறன்” என்பது அவர் வாயில் எப்போதும் இருக்கிற பேச்சு. மனிதர்கள் திரும்பத் திரும்பச் சொல்லும் இப்படியான பேச்சுகளில் எனக்குத் தனிப் பிரியம் உண்டு. தமிழ் எழுத நான் எந்த வகுப்புக்கும் போனதில்லை. இப்படிக் கேட்டுக் கேட்டுத்தான் பழகினேன். வேறொரு நாளென்றால் சிரித்திருப்பேன். அன்று சிரிக்க முடியவில்லை. இந்த மனிதருக்கு எவ்வளவு தெரியும் என்றுதான் யோசித்தேன்.

நான் கணிதமும் விளையாட்டும் படிப்பித்தேன். சனிக்கிழமைகளில் நகரத்து ஓரத்தில் இருந்த ஒரு சின்னக் கழகத்துக்கு ரக்பி ஆடினேன். இரு பக்கமும் எட்டெட்டுப் பேர் தோளோடு தோள் பூட்டிக்கொண்டு முட்டித் தள்ளுவார்களே, அதில் முன்வரிசை என் இடம். என் இடது காது காலிஃபிளவர் மாதிரிச் சுருண்டது அப்படித்தான். பள்ளியில் அதைப் பற்றி யாரும் கேட்டால், சின்ன வயதில் விழுந்தேன் என்று சொல்லி வைத்திருந்தேன். காயப்படும் ஆட்டம் ஒன்றை விடாமல் ஆடுகிறேன் என்று அந்த நாட்களில் யாருக்கும் தெரியவேண்டாம் என்று நினைத்தேன்.

ஏனென்றால் என் தகுதிகாண் காலம் முடிய இருந்தது. அரசு மருத்துவர் ஒருவர் என்னைச் சோதித்து, இந்த உடம்பு ஓய்வூதியம் வரைக்கும் தாங்கும் என்று எழுதித் தரவேண்டும். தந்தால் ஆயுள் முழுக்க அரசு ஆசிரியர். தராவிட்டால் என்ன ஆகும் என்று ஆசிரியர் அறையில் ஆளுக்கொரு கதை சொன்னார்கள். “அந்த மருத்துவருக்கு முன்னால் எங்களில் எவருக்கும் முதுகு வலித்ததே இல்லை,” என்றார் ஒரு மூத்த ஆசிரியை. எனக்கு வியாழக்கிழமை நேரம் தந்திருந்தார்கள். அனுப்பச் சொன்ன படிவத்தில் ஒரு கேள்வி: தலையில் அடிபட்டு நினைவிழந்தது உண்டா? இரண்டு கிழமைக்கு முன் ‘இல்லை’ என்று எழுதி அனுப்பினேன். எழுதியபோது அது உண்மை.

சனிக்கிழமை எதிரணியில் ஒரு ரொட்டிக்கடைக்காரர் ஆடினார். பெரிய ஆள். அவருடைய முழங்கால் என் நெற்றிப்பொட்டில் பட்டது. அதற்குப் பிறகு என் ஞாபகத்தில் ஒரு சின்னத் துண்டு இல்லை. தலையில் அடிபட்டவன் மைதானத்தை விட்டு வெளியேறவேண்டும், மருத்துவர் சரி என்னும்வரை திரும்பக்கூடாது. எங்கள் விளையாட்டில் இது கண்டிப்பான விதி. நடுவரிடம் கண்ணில் சேறு என்று சொல்லிவிட்டு ஆடினேன்.

ஆட்டம் முடிந்தால் இரண்டு அணியும் ஒரே மேசையில் இருந்து சாப்பிடுவது ரக்பிக்காரர் வழக்கம். அந்த ரொட்டிக்கடைக்காரரே உருளைக்கிழங்கு சாலட் போட்ட தட்டை எனக்குக் கொண்டுவந்து வைத்தார்.

“கொஞ்ச நேரம் எங்கேயோ போய்விட்டாயே, எங்கே?” என்று ஜெர்மனில் கேட்டார்.

“சறுக்கிவிட்டது,” என்றேன்.

“சறுக்கினால் கையை ஊன்றியிருப்பாய். நீ ஊன்றவில்லை.” என் முகத்தை இன்னொரு தடவை பார்த்துவிட்டுத் தன் ஆட்களிடம் போனார்.

திங்கள் முழுக்கத் தலைக்குள் ஒரு இரைச்சல். ஏழாம் வகுப்பில் ஒரே கணக்கைப் பலகையில் இரண்டு தரம் எழுதினேன். முன்வாங்கில் இருந்த பிள்ளை பக்கத்துப் பிள்ளையிடம் ஏதோ குசுகுசுத்தது. அதற்குள் இவர்களும் கவனித்துவிட்டார்களா என்று எனக்குப் பதைத்தது. நடைபாதையில் பள்ளிக்கூடத்து அதிபர் அம்மா “வியாழனுக்குத் தயாரா?” என்று கேட்டு வழமைபோலப் புன்னகைத்தார். அந்தப் புன்னகை வழமையைவிட ஒரு விநாடி நீண்டதாகப் பட்டது.

செவ்வாய் மதியம் கண்டேன்: ஹவுஸ்மைஸ்டர் அதிபரின் அறை வாசலில், தொப்பியைக் கையில் பிடித்தபடி, குரலைத் தாழ்த்திக் கதைத்துக்கொண்டிருந்தார். நான் கடந்தபோது இருவரும் பேச்சை நிறுத்தினார்கள். அவர் திரும்பி என் காலைப் பார்த்தார்.  மூன்று வருடம் என்னோடு தேத்தண்ணி குடித்த மனிதர், என்னைப் பற்றித்தான் சொல்லிக்கொண்டு நிற்கிறார். வேறு என்ன நினைப்பது?

அன்று பின்னேரம் வாகனத் தரிப்பிடத்தில் என்னை மறித்தார். சுற்றிலும் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டார்: “எந்த லாகர், சேர்?”

“என்ன லாகர்?”

“சனிக்கிழமை பெட்டி தூக்கிற லாகர். நானும் பள்ளிக்கூட வேலைக்கு வரமுதல் தூக்கினனான். தோள் இப்பிடித்தான் இருக்கும், நெத்தியும் இப்பிடித்தான் அடிபடும். என்னட்டைச் சொல்லலாம்.”

எங்கள் ஆட்கள் மத்தியில் திங்கட்கிழமை ஒருவன் நொண்டினால் காரணம் ஒன்றுதான்: வார இறுதியில் களவாக ஒரு லாகரில், அதாவது சரக்குக் கிடங்கில், இன்னொரு வேலை. அவர் அப்படி நினைத்தது விளங்கியது. ஆனால் என் வாயைக் கிண்டவே இதைக் கேட்கிறாரோ என்ற நினைப்புத்தான் முந்தியது. “அப்பிடி ஒண்டும் இல்லை அண்ணை,” என்று காரில் ஏறிக் கதவைச் சாத்தினேன். கண்ணாடியில் பார்த்தபோது, கார் வளைவில் திரும்பும்வரை அவர் அங்கேயே நின்றார்.

புதன்கிழமை கடைசிப் பாடம் மண்டபத்தில். பிள்ளைகளுக்குக் கரணம் அடித்துக் காட்டக் குனிந்தேன். தரை ஒரு பக்கமாகச் சரிந்தது. மெத்தையில் இருந்துகொண்டு, பாடம் முடிந்தது, உடை மாற்றுங்கள் என்று சொல்லி அனுப்பினேன். அவர்கள் போன பின் பொருள் அறைக் கதவடியில் ஹவுஸ்மைஸ்டர் நின்றார்.

“என்னைப் பின்தொடர்ந்து திரியிறீங்களோ அண்ணை?”

“ஓம்,” என்றார். “திங்களிலயிருந்து.”

“அதிபரிட்ட என்ன சொன்னனீங்கள்?”

“ஒரு ஆசிரியர் சனிக்கிழமையில வேற வேலை செய்தால் நிரந்தரம் கிடையாமல் போகுமோ எண்டு கேட்டனான்.”

“என்ரை பேர் சொன்னனீங்களோ?”

“சொல்லேல்லை. ஆனால் இஞ்சை நொண்டுற ஆசிரியர் நீங்கள் ஒராள்தான்.”

எனக்குச் சிரிப்பும் கோபமும் ஒன்றாக வந்தன. முழுவதையும் சொன்னேன். ரக்பி, முழங்கால், காணாமல் போன அந்தத் துண்டு, படிவத்தில் எழுதிய ‘இல்லை’. அவர் நம்பவில்லை.

“உந்த வயசில, படிச்ச ஆக்கள், சேத்துக்குள்ள உருண்டு அடிபடுறியள். எவ்வளவு தருவாங்கள்?”

“தரமாட்டாங்கள். நாங்கள்தான் கழகத்துக்குக் கட்டிறம்.”

“அடிவாங்க நீங்களே காசு கட்டுறியளோ? இதைவிட லாகர் நல்லம், தம்பி.”

அவர் பள்ளிக்குள் என்னைத் தம்பி என்றது அதுதான் முதல் தடவை. பக்கத்தில் முழங்காலூன்றி, கைபேசி வெளிச்சத்தை என் வலது கண்ணில் அடித்தார், பிறகு இடது கண்ணில், திரும்பவும் வலதில். ஊரில் நாலு வருடம் ஆஸ்பத்திரியில் வேலை செய்தவர் என்று எனக்குத் தெரியும். வெளிச்சத்தை அணைத்தபோது அவர் முகத்தில் இருந்த பகிடி போய்விட்டது.

“சத்தி, வாந்தி வந்ததோ?”

“காலமை ஒருக்கா.”

“ஒரு கண்மணி பெருத்துக் கிடக்குது. உள்ளுக்கை ரத்தம் கசிஞ்சால் இப்பிடித்தான்.”

“நாளைக்கு ஒரு நாள் விடுங்கோ அண்ணை. அரசு டொக்டரின்ரை டெர்மின் முடியட்டும். ஆஸ்பத்திரிக்குப் போனால் தலையில அடி எண்டு எழுதிப் போடுவாங்கள். வியாழன் பின்னேரம் நானே போறன், சத்தியமாய்.”

“ஏலாது.”

“என்ரை வேலை அண்ணை.”

 அவர் எழுந்து போய் மண்டபத்தின் வெளிக்கதவை அகலத் திறந்து, அது சாத்துப்படாமல் ஒரு வாங்கை இழுத்துவைத்தார். திரும்பி வந்து மெத்தையில் எனக்குப் பக்கத்தில் இருந்தார். ஒரு கையால் என் தோளைப் பிடித்து அமர்த்திக்கொண்டு, மற்றக் கையால் அவசர இலக்கத்தை அழுத்தினார். தெருவைச் சொன்னார், பள்ளியைச் சொன்னார், சனிக்கிழமை தலையில் அடிபட்டது என்று சொன்னார். நோயாளியின் பெயர் என்ன என்று அந்தப் பக்கம் கேட்டது எனக்கும் கேட்டது. அவர் என்னைப் பார்க்காமல், என்னுடைய நீண்ட தமிழ்ப் பெயரை எழுத்து எழுத்தாக, ஒன்றும் விடாமல், நிதானமாகச் சொல்லத் தொடங்கினார்.