ஒரே ஒரு வியூ

சட்டையை எத்தனை முறை துவைத்தாலும் இரும்பு வாசனை போகாது. கும்மிடிப்பூண்டியில் ஒரு ஸ்டீல் கம்பெனியில் வேலை பார்த்த காலம். ஒற்றை ரூம். பேச்சுத் துணைக்கு ஒரு போன்...

லீவு நாளில் எனக்கு ஒரு கிறுக்குத்தனம் இருந்தது. யாருமே பார்க்காத வீடியோக்களைத் தேடிப் பிடிப்பேன். யாரோ தோசை ஊற்றுவார், யாரோ புது பைக்கைக் காட்டுவார். எல்லாரும் "ஹாய் பிரண்ட்ஸ்" என்று சிரிப்பார்கள். கேட்க ஒரு பிரண்டும் இருக்க மாட்டான். அந்த ஹாய்களை மட்டும் வெட்டி ஒட்டி ஒரே வீடியோவாக்கிக் கொண்டிருந்தேன். இன்று நான் செய்யும் வேலைக்கு அதுதான் பிள்ளையார் சுழி.

அப்படித் தேடும்போது ஒரு நாள் எங்கள் கிரேன் ஆபரேட்டர் மூர்த்தி அண்ணன் ஸ்கிரீனில் வந்து நின்றார், கையில் கரண்டியோடு!

"ஹாய் பிரண்ட்ஸ், இன்னிக்கு நம்ம ரூம்ல கருவாட்டுக் கொழம்பு."

கம்பெனியில் நாலு வார்த்தை சேர்ந்தாற்போல் பேசாத மனிதர். எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. அதிலிருந்து ஞாயிறுதோறும் அவர் போடுவதை முதல் ஆளாகப் பார்த்துவிடுவேன். ஜீரோ வியூ ஒன்றாகும். அதோடு சரி, இரண்டாவது ஆள் வந்ததே இல்லை. அவருடைய ஹாயையும் வெட்டி என் வீடியோவில் சேர்த்தேன்.

கொஞ்சம் கலாய்க்கலாம் என்று கேன்டீனில் அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

"இன்னாண்ணா, சேனல்லாம் ஓடுதாமே?"

வெட்கப்பட்டார். அப்புறம் போனை என் பக்கம் திருப்பினார்.

"யார்கிட்டயும் சொல்லாத. உங்க அண்ணி கோச்சிக்கினு கடம்பத்தூர்ல அவங்க அம்மா ஊட்டுக்குப் போய்ட்டா. போன் பண்ணா எடுக்கறதில்ல. ஆனா பாரு... எல்லாத்துக்கும் ஒரு வியூ. அவதான். வாரா வாரம் பாத்துக்கினுதான் கீறா."

அந்த ஒன்று நான்.

சொல்லியிருக்க வேண்டும். "அண்ணிதாண்ணா, வேற யாரு" என்றேன். ரூமுக்கு வந்ததும் முதல் வேலையாக அவர் வரும் துண்டை என் வீடியோவிலிருந்து எடுத்தேன். ஆனால் பார்ப்பதை நிறுத்த முடியவில்லை. ஒரு வாரம் ஜீரோவில் நின்றால் அந்த மனிதர் என்ன ஆவார்?

அந்த வேலையை விட்டு வருடங்கள் ஆகிவிட்டன. இப்போது திருவள்ளூரில் ரூம். ஊரார் போட்ட வீடியோக்களை வெட்டி ஒட்டுவதே பிழைப்பு. ஆயிரக்கணக்கில் பார்க்கிறார்கள்... ஒருத்தரும் சாப்பிட்டாயா என்று கேட்டதில்லை. அப்போது எனக்கென்று இருந்தது ஒரு கேன்டீன் பெஞ்சும் அண்ணனின் ஞாயிற்றுக்கிழமையும்தான். ஆனாலும் இவ்வளவு தனியாக இல்லை.

அண்ணன் இன்னும் போடுகிறார். வீடியோவில் இன்னும் அவருடைய அதே ரூம், தனி ஆள். கடம்பத்தூருக்கு நேரில் போய் அண்ணியைக் கூப்பிடாமல், அந்த ஒரு வியூவையே நம்பி உட்கார வைத்தது நான்தானோ என்று மனசை அறுக்கும். இருந்தும் வாராவாரம் அழுத்திவிடுவேன்.

போன ஞாயிறு எனக்குக் காய்ச்சல். மதியம்தான் போனை எடுத்தேன். "இன்னிக்கு வெறும் ரசம்" என்று போட்டிருந்தார். கீழே, நான் பார்க்கும் முன்பே, ஒரு வியூ.

என்னைப் போல இன்னொரு கிறுக்கனாக இருக்கலாம். அண்ணியாகவே இருந்தால்...?

அழுத்தப் போன விரலை எடுத்துக்கொண்டேன். ஒன்று ஒன்றாகவே இருக்கட்டும்.

சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆனால் அந்த ஞாயிறு முழுக்க என்ன செய்வதென்றே எனக்குத் தெரியவில்லை.