வேலிக்கு அப்பால் படம்

ஆலங்குடாவுக்குப் பட்டம் பிடித்துக் கடலில் சறுக்கி விளையாட வருகிற உல்லாசப் பயணிகளுக்கு ஹோட்டல் கழிவறை வரை இணையம் கிடைக்கும். என் அடுத்த வளவுப் பெண்ணுக்கு அது எங்கள் வேலியோரத்தில் மட்டும், என் வீட்டிலிருந்து கசிந்து வந்தது. தொண்ணூறில் புலிகளால் மன்னாரிலிருந்து துரத்தப்பட்ட முஸ்லிம் குடும்பம். ஒரே மகன் கட்டாரில். வெள்ளி தோறும் ஜும்மாவுக்குப் பிறகு வேலியோரம் கதிரை போட்டு அவனோடு பேசுவார். குரல் வரும், படம் வராது.

"ஊர்ச் சிக்னல் அப்பிடி, உம்மா. எனக்கு இங்க தனி றூம், ஏசி எல்லாம் இரிக்கி. காட்டத்தான் ஏலாம இரிக்கி."

என்னைப் போன்ற ஓய்வுபெற்ற உத்தியோகத்தனின் காதில் ஒரு குறை விழக்கூடாது. புத்தளத்தில் இருந்ததிலேயே மலிவான ரவுட்டரை வாங்கினேன். என் வைஃபையை வாங்கி அடுத்த வீட்டுக்குக் கடத்தும் வசதி அதில் இல்லை. ஆகவே கம்பனியின் மென்பொருளை அழித்து, யாரோ சிலர் சம்பளமில்லாமல் எழுதி உலகத்துக்குத் திறந்து வைத்திருக்கும் மென்பொருளை ஏற்றினேன். பதிப்பு இலக்கம் பார்த்தேன், கோப்பைச் சரிபார்த்தேன், பழையதற்குப் பிரதி எடுத்தேன். மின்சாரம்கூட இடையில் போகவில்லை. அப்போதே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும்.

ரவுட்டர்ப் பெட்டியை அவர் சமைக்கும் குசினியின் ஜன்னலில் வைத்தேன். வெள்ளிக்கிழமை மகன் கோல் எடுத்தான்.

"மகன், குசினிக்குள்ளயே படம் வருது! பக்கத்து வீட்டு சேர் செஞ்சு தந்த. றூமைக் காட்டுங்க வாப்பா."

அவன் முகம் தெளிவாகத் தெரிந்தது. முகத்துக்குப் பின்னால் இரண்டடுக்குக் கட்டில்கள், கயிற்றில் காயும் பலருடைய சாரங்கள். படம் கறுத்தது. அடுத்த வெள்ளி அவன் எடுக்கவில்லை.

"சேர், இதப் பழைய மாதிரி ஆக்க ஏலுமா?"

"ஏன் தங்கச்சி, வேலை செய்யுதில்லையா?"

"செய்யுது. அவனுக்கு வெக்கம். பழுதாப் போச்சுண்டு சொல்லோணும். பொய் சொல்ல எனக்கு ஏலா. மெய்யாவே பழுதாக்கித் தாங்க."

அதற்கும் நடைமுறை உண்டு. எடுத்து வைத்த பிரதியைத் திரும்ப ஏற்றினேன். குசினியில் இணையம் நின்றது. அவர் வேலியோரம் வந்து குரல் பதிவு அனுப்பினார்: "மகன், சேர்ட பெட்டி சரிவரல்ல. இனிப் படம் வராது. எடுங்க வாப்பா."

கேட்டுவிட்டான் என்று வாட்ஸப்பின் நீலச் சரிக்குறிகள் காட்டின. கோல் வரவில்லை.

கதிரை வேலியோரத்துக்குத் திரும்பிவிட்டது. வெள்ளிகளில் தொழுகை முடிந்து ஆட்கள் வீடு போவார்கள். அவர் போனை மடியில் வைத்தபடி என்னைப் பார்ப்பார்.

"சிக்னல் இரிக்கா சேர்?"

இல்லை என்று சொன்னால் அவருக்கு ஆறுதலாக இருக்கும்.

"ஓம் தங்கச்சி. நல்லா இருக்கு."