மகளின் நடையைப் பார்த்துக்கொண்டே இருந்தவர்

ஆய்வக வகுப்பு முடிந்து கை கழுவிக்கொண்டிருந்தேன். எனக்குத் தொலைபேசி வந்திருப்பதாக அலுவலகத்திலிருந்து ஆள் வந்து சொன்னார். பேசியது சௌந்தரம் மேடத்தின் கணவர் நாச்சிமுத்து அண்ணன். "அம்மணி போயிட்டாளுங்க" என்றார். எங்கள் வேதியியல் துறையில் எனக்குப் பக்கத்து மேசையில் இத்தனை காலம் உட்கார்ந்திருந்த சௌந்தரம் மேடம், அன்று காலை மாரடைப்பில் இறந்துபோனார். எனக்கு உடனே அழுகை வரவில்லை. பெரிய அசதிதான் வந்தது. அவ்வளவு பட்டவருக்குச் சில வருஷமாகத்தானே கொஞ்சம் மூச்சுவிட நேரம் கிடைத்தது என்று நினைத்தபடி நாற்காலியில் உட்கார்ந்துவிட்டேன்.

அவரிடம் படித்த பலருக்கு அவர் மகன் செந்திலைத் தெரிந்திருக்காது. ஓடி விளையாடிய பிள்ளை, இரண்டு வயது தாண்டியதும் அடிக்கடி விழ ஆரம்பித்தான். பிறகு நிற்க முடியவில்லை. பேச்சும் போனது. கோயமுத்தூரில் பார்க்காத மருத்துவர் இல்லை. கடைசியில் ஒரு மருத்துவர் அவன் ரத்தத்தைப் பெங்களூருக்கு அனுப்பினார். ஆரில்சல்ஃபடேஸ் என்ற என்சைம் அவன் உடம்பில் வேலை செய்யவே இல்லை என்று தெரிந்தது. மேடம் கட்டியது சொந்த மாமன் மகனை. இருவரிடமிருந்தும் பழுதான மரபணு பிள்ளைக்கு வந்திருக்கிறது என்றார் மருத்துவர். மருந்து கிடையாது.

நாச்சிமுத்து அண்ணன் கணபதியில் மோட்டார் காயில் கட்டும் பட்டறை வைத்திருக்கிறார். அவருக்கு மேடம் விளக்கியபோது நான் அந்த வீட்டில் இருந்தேன். "தாமிரக் கம்பி மேல வார்னிஷ் இருக்குதில்லீங்க மாமா, அது மாதிரி நரம்புக்கும் ஒரு உறை. அந்த உறையில இருக்கற கொழுப்பு பழசானா, அதிலருந்து சல்ஃபேட்டைக் கழட்டி விடறது இந்த என்சைமோட வேலை. இவனுக்குக் கழட்டாததெல்லாம் சேர்ந்து, உறையே கெட்டுப்போகுது." அவர் மகனின் காலைத் தடவிப் பார்த்தார். பிறகு கேட்டார்: "காயில் மாதிரி மறுபடி சுத்த முடியாதா?" முடியாது என்று மேடம் தலையசைத்தார்.

கல்லூரியில் அந்தப் பருவத்தில் என்சைம் பாடம் அவருடையது. நான் எடுக்கிறேன் என்றேன், அவர் விடவில்லை. ஒரு சல்ஃபடேஸ் என்சைம் இல்லாமல் பிறந்தால் என்ன ஆகும் என்று வீட்டு விவரம் தெரியாத மாணவி ஒருத்தி கேட்டாளாம். "ஒண்ணு இல்லைன்னா தோல் மீன் செதில் மாதிரி உரியும், ஆளுக்கு ஒண்ணும் ஆகாது. இன்னொண்ணு இல்லைன்னா பிள்ளை தங்காது" என்று சொல்லிவிட்டு அடுத்த பகுதிக்குப் போய்விட்டார். வந்து என்னிடம் இதைச் சொல்லும்போது அவர் குரலில் எந்த மாற்றமும் இல்லை. தண்ணீர் மட்டும் நிறையக் குடித்தார்.

செந்தில் போனபோது தங்கை கவிதா கைக்குழந்தை. அவள் ரத்தத்திலும் அந்த என்சைம் மிகக் குறைவு என்று வந்தது. அண்ணனுக்கு வந்தது இவளுக்கும் வரலாம் என்றார்கள். அன்றிலிருந்து மேடம் உறங்கிய நாள் குறைவு. பொள்ளாச்சியில் ஒரு கல்யாண மண்டபத்தில், விரித்திருந்த ஜமுக்காளத்தில் கால் தடுக்கிக் குழந்தை விழுந்தாள். யார் விழமாட்டார்கள்? "நட கண்ணு, இன்னொருக்கா நட" என்று அங்கேயே மேடம் அவளை நடக்கவிட்டுப் பார்த்தார். குழந்தை அழுதபிறகுதான் தூக்கிக்கொண்டார்.

அண்ணன் விழ ஆரம்பித்த வயதைக் கவிதா தாண்டினாள். ஒன்றும் வரவில்லை. என்சைமோ அதே குறைவுதான். அப்போதுதான் கணவரின் ரத்தத்தையும் பார்க்கச் சொன்னார். "எனக்கென்ன, நல்லாத்தான இருக்கறேன்" என்றார் அண்ணன். "நல்லா இருக்கறதுனாலதானுங்க மாமா கேக்கறேன்" என்றார் மேடம்.

அண்ணனுக்கும் மகளைப் போலவே குறைவு. நோயில்லாமலே சிலருக்குப் பரிசோதனையில் இப்படிக் காட்டும், இருக்கிற கொஞ்சமே உடம்புக்குப் போதும் என்றார் மருத்துவர். உறுதி செய்துகொள்ளக் கவிதாவின் சிறுநீரையும் சோதித்தார்கள். செந்திலின் சிறுநீரில் நிறைய இருந்த அந்த நரம்புறைக் கொழுப்பு இவளுக்கு இல்லை. இனிப் பயமில்லை என்று மருத்துவர் துறைக்கே தொலைபேசியில் சொன்னார். மேடம் ரிசீவரை வைத்தார், மேசையில் தலை சாய்த்தார், அப்படியே தூங்கிப்போனார். அவருடைய வகுப்பை நான் எடுத்தேன்.

பின்னாளில், கவிதா படித்து முடித்ததும் தன் மகனுக்குக் கட்டிவைக்கலாம் என்று கேட்டு வைத்தார் மேடத்தின் தம்பி. சொந்தத்தில் இனி வேண்டாம் என்று மறுத்துவிட்டார் மேடம். தம்பி அக்காவோடு பேசுவதையே நிறுத்திக்கொண்டார். அந்த வருத்தம் மேடத்துக்குக் கடைசிவரை இருந்தது.

இதே நோய் கண்ட பிள்ளையோடு கொடுமுடியிலிருந்து ஒரு தம்பதி அவரைப் பார்க்க வந்தார்கள். அந்தப் பெண் அழ அழ, மேடம் எதுவும் சொல்லாமல் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர்கள் போனபிறகு என்னிடம் சொன்னார்: "செந்தில் படுத்திருந்தப்ப வந்தவங்க எல்லாம் சரியாப் போயிருமுன்னாங்க. அதைக் கேட்டதுக்கப்புறம் அவங்ககிட்ட அழக்கூட முடியாதுங்க."

சாவு வீட்டுக்கு நான் போனபோது கவிதா எழுந்து வாசல்வரை வந்தாள். பள்ளிச் சீருடையைக்கூட மாற்றியிருக்கவில்லை. ஆறுதலாக ஏதோ சொல்ல வாயெடுத்து, நிறுத்திக்கொண்டேன். அவளோடு உள்ளே போய்ப் பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டேன். அதுவரை அழாதிருந்த பெண், என் தோளில் சாய்ந்து அழத் தொடங்கினாள். அவளாக நிமிரும்வரை நான் எழுந்திருக்கவில்லை. சௌந்தரம் மேடத்திடமிருந்து நான் எடுத்து வைத்துக்கொண்டது அதுதான்.