சுக்கான் மேட்டில் விரித்த பாவு

செவிலிமேட்டைத் தாண்டிப் பாலாற்றுக்குப் போகும் வழியில் ஒரு சுக்கான் கல் மேடு உண்டு. சுண்ணாம்பு பூத்த வெள்ளை மண். அபூர்வமான புல்லும் பூண்டும் அதில் வளருவதாகச் சொல்லி அரசாங்கம் கம்பிவேலி போட்டு, என் வீட்டுக்காரரைக் காவலுக்கு வைத்தது. அறுபதுகளின் கடைசி. மனுஷன் அந்த வேலியைத் தாங்கு தாங்கென்று தாங்கினார். என்னை அப்படித் தாங்கியிருந்தால் நான் மகாராணி! பக்கத்துக் குடிசைக்காரி ஆடு ஓட்டிக்கொண்டு அந்தப் பக்கம் வந்தால் போதும், தொண்டை கட்டும் அளவுக்குக் கத்துவார்.

அந்த வருஷம் என் பிறந்த வீட்டுத் தெருவைக் குழாய் பதிக்கத் தோண்டிப் போட்டார்கள். அண்ணன் பட்டு நெய்கிறவர். தறியில் ஏற்றுவதற்கு முன் பாவை, அதாவது புடவையின் நீள இழைகளை, விடிகாலையில் தெருவோடு இழுத்துக் கட்டிச் சீராக்க வேண்டும். தெருவோ பள்ளம். நெய்ய வேண்டியதோ கல்யாணப் புடவை.

"இன்னிக்கு ஒரு காலைக்கு மட்டும் வுடுங்க மாப்ளே. எங்க போயி பாவு போடுவேன்?" என்றார் மேட்டுக்கு வந்து நின்ற அண்ணன்.

இவர் தலையைச் சொறிந்துகொண்டு என்னைப் பார்த்தார். 'கூடாது' என்று நான் சொல்லியிருந்தால் அவருக்கும் தெம்பு வந்திருக்கும். பிறந்த வீட்டு ஆளாயிற்றே, வாயைத் திறக்கவில்லை. இவர் கேட்டைத் திறந்தார்.

ஊசிப்புல் பட்டில் ஏறிவிடும் என்று அண்ணனும் கூட வந்த ஆட்களும் அரிவாளை எடுப்பார்களென்று யார் கண்டது? பாவு நீளத்துக்கு ஒட்ட அறுத்தார்கள். நீலமாகப் பூத்துக் கிடந்த விஷ்ணுகிரந்தியும் அதோடு போயிற்று. "ஐயோ மச்சான்!" என்றதோடு இவர் நின்றுவிட்டார்.

வேலிக்கு வெளியே ஆட்டுக்காரி பார்த்துக்கொண்டிருந்தாள். "ஏண்ணே, ஆடு மேஞ்சாத்தான் தப்பா? பட்டு மேஞ்சா தப்பில்லியா?"

நான் பாவுப் பக்கமாகத் திரும்பிக்கொண்டேன்.

மறுநாள் அவள் ஆடுகளை நேரே கேட்டுக்கு ஓட்டிவந்தாள். இவர் கம்பை எடுத்தார். என்ன நினைத்தாரோ, கீழே வைத்துவிட்டு அவரே கேட்டைத் திறந்துவிட்டார். மிச்சமிருந்ததை ஆடுகள் மேய்ந்தன.

ராத்திரி சோற்றைப் பிசைந்துகொண்டே கேட்டார்: "உங்கண்ணன் பாவு நல்லா வந்துச்சாமா?"

கோபமாகக் கேட்டிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன். அக்கறையாகக் கேட்டார். அவர் தட்டில் இன்னொரு கரண்டி குழம்பு ஊற்றினேன். வெட்கம் பிடுங்கித் தின்றது.