மல்யுத்தத்தை எழுதியவர்கள்

வெம்பிளியில் மாதமொருமுறை கூடும் எங்கள் வாசகர் வட்டம் ஆண்டு மலர் ஒன்று போடுகிறது. அதன் இலக்கியப் பகுதியில் என் கட்டுரை வரவேண்டும். ஐம்பது தாண்டிய மனிதனுக்கு இது பேராசை அல்ல. பொருள்தான் சற்றுச் சங்கடமானது: தொண்ணூறுகளின் கடைசியில் தொலைக்காட்சியில் வந்த அமெரிக்க மல்யுத்த நிகழ்ச்சி.

அந்தச் சில வருடங்களை அதன் பொற்காலம் என்கிறார்கள். பொன் இருந்தது மல்லர்களின் தோளில் அல்ல, கதை எழுதியவர்களின் மேசையில் என்பது என் வாதம். நிகழ்ச்சியை நடத்தும் கம்பனியின் முதலாளியையே வில்லனாக்கி, அவரிடம் சம்பளம் வாங்கும் முரடன் வாரந்தோறும் அவரை உதைப்பதாக எழுதினார்கள். கூட்டம் யாருக்காகக் கத்தியதோ, அவனை அடுத்த வாரம் நாயகனாக்கினார்கள். பத்திரிகைத் தொடர்கதைக்காரர்கள் செய்ததும் இதைத்தானே? பன்னிரண்டு பக்கம், அடிக்குறிப்புகளோடு வட்டத்தின் கூட்டத்தில் வாசித்தேன்.

முதல் கேள்வி, நெற்றியில் வழிந்த இரத்தம் உண்மையா என்பது. இரண்டாவது, கதிரையால் அடித்தால் நோகாதா என்பது. அதற்கு ஒருவர் மண்டபத்தில் தான் உட்கார்ந்திருந்த கதிரையையே தூக்கிக் காட்டி விளக்கம் தந்தார். நாற்பது நிமிடம் போனது. கதை என்ற சொல் எவர் வாயிலும் வரவில்லை.

கடைசியாக, பெற்றோல் ஷெட்டில் இருபது வருடம் வேலைக்கு நின்று ஓய்வுபெற்ற அண்ணை எழுந்தார்.

"அப்ப, அந்த முதலாளிக்கு விழுந்த அடியெல்லாம் எழுதி வச்சு அடிச்சதோ?"

ஓம் என்றேன்.

"எழுதினவன் எங்கையோ வேலை செய்து நொந்தவன்தான்."

சொல்லிவிட்டு உட்கார்ந்தார். என் பன்னிரண்டு பக்கத்திலும் இல்லாத விமர்சனம் அது. தலைவரோ தேநீர் ஆறுகிறது என்று கூட்டத்தை முடித்தார்.

அடுத்த வாரம் மலராசிரியர் எனக்குப் போன் எடுத்தார். கட்டுரை வருகிறதாம், நல்ல இடமாம், கிரிக்கெட் முடிவுகளுக்குப் பக்கத்தில். முடிவை முன்கூட்டியே எழுதி வைத்தது எப்படி விளையாட்டாகும் என்று நான் மூச்சுவாங்க விளக்கினேன். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"விளங்குது அண்ணை. ஆனா இலக்கியப் பக்கம் கவிதையளாலை நிரம்பிட்டுது. இனி ஏலாது. ஒரு படம் அனுப்புங்கோ. ட்ராக் சூட்டோடை எண்டா பக்கத்துக்குப் பொருந்தும்."

கட்டுரையைத் திருப்பிக் கேட்டு மூன்று மின்னஞ்சல்கள் எழுதினேன்; மூன்றையும் அழித்தேன். சனிக்கிழமை காலை, மச்சானிடம் இரவல் வாங்கிய ட்ராக் சூட்டோடு வீட்டுப் பின்புறத்தில் நின்றேன். மனைவி போனை உயர்த்திப் பிடித்துக்கொண்டு, வயிற்றை இன்னும் கொஞ்சம் உள்ளே இழுக்கச் சொன்னாள்.