கேஸ் தோற்ற அம்மாள்

கிருஷ்ணகிரியில் ஓசூர் பஸ் ஏறியபோது ஒரே ஒரு ஜன்னலோர இடம்தான் காலியாக இருந்தது. அதிலும் ஒரு துணிப்பை. பக்கத்தில் ஐம்பது வயது மதிக்கத்தக்க அம்மாள், செருப்பைக் கழற்றிவிட்டு சீட்டின் மேலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார்.

“ஆளு வருதுங்க,” என்றார்.

எரிச்சலோடு கம்பியைப் பிடித்து நின்றேன். அவராகவே பேச்சுக் கொடுத்தார். பாகலூர் பக்கம் வார்டு உறுப்பினர் தேர்தலில் நின்று தோற்றவராம். ஓட்டு எண்ணியதில் மோசடி என்று மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். நீதிபதி உத்தரவுப்படி மறுபடி எண்ணினார்கள். இன்று தீர்ப்பு.

“ஜெயிச்சீங்களா?”

“எங்கங்க! கேஸும் தோத்துட்டேன்.” சொல்லிவிட்டுச் சிரித்தார்.

“வருத்தமா இல்லையா?”

“ஓட்டத் திருடி ஜெயிச்சுட்டாளேன்னுதான் வயிறு எரிஞ்சுகினே இருந்துச்சு. எண்ணிப் பாத்தா நெசமாவே அவளுக்குத்தான் ஓட்டு கூட. இப்பதான் அப்பாடான்னு இருக்குது. அவ எங்க பக்கத்து வூட்டுக்காரிதாங்க. எத்தினி நாளு மூஞ்சியத் திருப்பிக்கினு இருக்கறது?”

பஸ் கிளம்பும்போது வேர்க்கடலைப் பொட்டலத்தோடு ஒரு பெண் மூச்சிரைக்க ஓடிவந்து ஏறினார். அம்மாள் பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

“ஜன்னலோரம் போய் உக்காரு. உனக்குத்தான் பஸ்ஸுல வாந்தி வருமே.”

பிறகு என்னிடம் திரும்பி, “இவ மேலதாங்க கேஸ் போட்டேன்,” என்றார்.

குருபரப்பள்ளியில் பின்னால் ஓர் இடம் காலியானது. நான் போகவில்லை. அதற்குள் கடலைப் பொட்டலம் மூன்று பேருக்கும் பொதுவாகியிருந்தது.