மெஷினுக்கு முன்னால் என் பல்

கூலிக்குச் சாமை குத்துகிறவளுக்கு மழையும் வெயிலும் பயமில்லை. மெஷின் வரப்போகிறது என்ற பேச்சுதான் பயம். அப்படி ஒரு பேச்சைக் கேட்டுப் பயந்தவர் நீங்கள் யாராக இருந்தாலும், நான் உங்கள் கட்சி.

லாரியில் வந்தது

மலைமேல் எங்கள் வளப்பூர் நாட்டுக்கு ரோடு வந்த மறுவருஷமே, அடிவாரத்துக் காளப்பநாயக்கன்பட்டிக்காரர் ஒருவர் எஞ்சினும் அரவை மெஷினும் லாரியில் ஏற்றி வந்துவிட்டார். எனக்கும் என் கூட்டாளி நல்லம்மாளுக்கும் காணி நிலம் கிடையாது. ஒரே உரலில் எதிரெதிரே நின்று மாற்றி மாற்றிக் குத்தி, கூலியாகக் கிடைக்கும் சாமையில்தான் இரண்டு வீட்டு அடுப்பும் எரிந்தது. மெஷின் முதலாளி நல்ல மனதோடுதான் சொன்னார்: "இனிமே நீங்க கை நோகாம ஊட்டுல உக்காந்துக்கலாமுங்க."

முதல் மூட்டை

ஊரே கூடி நின்றது. நானும் வயிற்றெரிச்சலோடு நின்றேன். காய்ச்சல் போதாத, ஈரம் விடாத சாமையை அப்படியே கொட்டி ஓட்டிவிட்டார் முதலாளி. மாவும் உமியும் கலந்து கொழகொழவென்று விழுந்தது. எனக்கு உள்ளுக்குள் ஒரே குஷி. மூட்டைக்காரர் அதை அள்ளிப் பார்த்துவிட்டு, கோபமே இல்லாமல் கேட்டார்: "சோத்துக்குக் குடுத்தேனுங்க, கூழுக்குத் தாரீங்களே?"

இரண்டு பேர்

அப்புறம் ஒருவரும் மூட்டை கொண்டுவரவில்லை. மூன்றாம் நாள் முதலாளியே ஒரு கைப்பிடி சாமையோடு என் வாசலில் வந்து நின்றார். அதில் நான்கு மணியை எடுத்துப் பல்லில் வைத்துக் கடித்தேன். நசுங்கியதே தவிர, கடுக்கென்று உடையவில்லை. பாறையில் இன்னும் ஒரு பொழுது காயட்டும் என்றேன். காய்ந்ததை ஓட்டினால் அரிசி முழுசு முழுசாக வந்தது.

உடனே என்னை வேலைக்குக் கூப்பிட்டார். பதம் பார்க்க நான் என்றால், உமி புடைக்க நல்லம்மாளும் வேண்டும் என்றேன். ஒற்றையாளாகச் சாமை குத்துகிற வழக்கம் எங்களுக்கு இல்லை என்று சொல்லிவிட்டேன். அவர் தலையைச் சொறிந்தார். "மிசினு ஒண்ணுதானுங்க வாங்குனேன், எசமானிங்க ரெண்டு பேரு வந்துட்டீங்க."

தாடை வீங்கிய நாள்

ஒருநாள் தாடை வீங்கி, துணியைக் கட்டிக்கொண்டு மெஷின் கொட்டகை மூலையில் உட்கார்ந்திருந்தேன். முதலாளி தானே சாமையைக் கடித்துப் பார்த்து, அதன் காய்ச்சல் சரி என்றார். வரிசையில் ஒருத்தரும் மூட்டையை அவிழ்க்கவில்லை. எனக்கு வலியே மறந்துபோனது. முன்னால் நின்ற செங்காயி சொன்னாள்: "நீங்க எஞ்சினைப் பாருங்க சாமி, சாமைய அந்தம்மா பாக்கட்டும்."

என் பிழைப்பைப் பறிக்கும் என்று நான் பயந்த மெஷின், நாங்கள் அங்கிருந்த பதினோரு வருஷமும் எங்கள் இருவர் தலையும் தெரியாமல் ஒருநாளும் ஓடியதில்லை.